காக்கைக்கு வைத்த சோறு

1

மகாளய அமாவாசைக்கு விமான் நகர் வீட்டுக்கு வந்துவிடு என்று மகன் சொன்னான். நான் போகவில்லை. ஆறாவது மாடி. புறா அசிங்கம் பண்ணுகிறது என்று பால்கனி முழுக்க வலை கட்டியிருக்கிறார்கள். புறா நுழைய முடியாத இடத்தில் காக்கை எப்படி நுழையும்? போன வருஷம் அங்கேதான் படைத்தோம். வலையில் கை போகிற அளவு ஓட்டை தேடி, மருமகள் ஏசி பெட்டியின் மேல் ஒரு பிடி சோறு வைத்தாள். ஒன்றும் வரவில்லை. பேரன் பசி தாங்காமல் காக்கை இன்னும் வரவில்லையா என்று ஹிந்தியில் கேட்டான். தமிழில் கேள், சொல்கிறேன் என்றேன். கொஞ்ச நேரம் யோசித்தான். பிறகு கேட்காமலே உள்ளே போய் பிஸ்கட் எடுத்துக்கொண்டான்.

அதனால் இந்த வருஷம் லோஹேகாவில் என் வீட்டிலேயே படைத்தேன். போய்ச் சேர்ந்த வீட்டுக்காரருக்குப் பிடித்த வாழைக்காய், பூசணி, வடை. மதில்மேல் இலை வைத்துவிட்டு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தேன். காக்கைக்கும் காத்திருந்தேன், நான் வளர்த்த நந்தாவுக்கும் காத்திருந்தேன். வருகிறேன் என்று அவள் சொல்வதில்லை. சொல்லாதவளை வரவில்லையே என்று குறை சொல்லவும் முடியாது.

நான் மூன்றாவது வரை படித்தவள். இதையும் எழுத்துக் கூட்டித்தான் எழுதுகிறேன். ஆரணியில் இருக்கும் மகள், நீ போனில் சொல்லு, நான் எழுதிக்கொள்கிறேன் என்றாள். வேண்டாம் என்றுவிட்டேன். நான் சொல்வதை அவள் அழகாக்கிவிடுவாள்.

நம் ஆரணிப் பக்கம் வரும்போதெல்லாம் சொந்தக்காரர்கள் நீங்கள் கேட்பது ஒன்றுதான். "ஊரான் புள்ளைங்கள வளத்தியாமே, இன்னாத்த கண்ட?" நான் சிரித்துவிட்டு வந்துவிடுவேன். ரயிலுக்கு நேரமாகிவிடும். இப்போது உட்கார்ந்து சொல்கிறேன். எல்லாப் பிள்ளைகளையும் சொல்ல முடியாது. நந்தாவை மட்டும். அவளை அவள் மாமன் கையில் கொடுத்துவிடுவதா, என்னிடமே விடுவதா என்று இழுத்துக்கொண்டிருந்தார்களே, அந்தக் கதை.

2

வீட்டுக்காரருக்கு இந்த மராத்தி ஊரில் விமானப்படை மெஸ்ஸில் சமையல் வேலை. அப்போது விமான் நகர் எல்லாம் வெறும் பொட்டல். மகன் படிக்கக் கோயம்புத்தூர் போய்விட்டான், மகள் கல்யாணமாகி ஆரணிக்கே போய்விட்டாள். தகரக் கூரை போட்ட இரண்டு அறை திடீரென்று பெரிய வீடாகிவிட்டது.

பக்கத்து வீட்டு ஷேவந்தா பாய் ஒரு சன்ஸ்தாவில் துணி துவைக்கப் போய்க்கொண்டிருந்தாள். சன்ஸ்தா என்றால் இங்கே தொண்டு நிறுவனம். ஆதரவில்லாத பிள்ளைகளை, அடிபட்டு மிதிபட்டு வந்த பிள்ளைகளைச் சில காலம் குடும்பங்களில் வைத்து வளர்க்கச் சொல்வார்கள். ஷேவந்தா பாய்தான் என்னைக் கூட்டிப்போனாள்.

உடனே கொடுத்துவிடவில்லை. வந்து வீட்டை அளந்தார்கள். பிள்ளை எங்கே படுக்கும் என்று கேட்டார்கள். எங்களோடுதான் என்றேன். தனிப் படுக்கை வேண்டும் என்றார்கள். ரேஷன் கார்டு, லைட் பில், எனக்கு நோய் இல்லை என்று டாக்டர் சீட்டு. இதைக் கொண்டுபோனால் அது இல்லை, அதைக் கொண்டுபோனால் கையெழுத்து இல்லை. என் மராத்தி காய்கறிக்காரிகளிடம் கற்ற மராத்தி. பிள்ளையைக் கொடுப்பதா வேண்டாமா என்று முடிவு செய்யும் கமிட்டியில் தலைமையாக உட்கார்ந்திருந்த அம்மாளை நீ, வா, போ என்றுதான் பேசியிருக்கிறேன். வெளியே வந்தபிறகு ஷேவந்தா பாய் தலையில் அடித்துக்கொண்டாள். மராத்திப் பிள்ளை மதராஸி வீட்டில் இருந்தால் தாய்மொழி மறந்துவிடாதா என்று அந்த அம்மாள் கேட்டார். என் பிள்ளைகளே தமிழை மறக்கிறார்கள், அடுத்தவர் பாஷையை மறக்கடிக்க எனக்கு எங்கே நேரம் என்றேன். அதற்கு அவர் சிரித்தார். அந்தச் சிரிப்பில்தான் கையெழுத்து விழுந்தது என்று நினைக்கிறேன்.

நம் பக்கத்தில் இதற்கெல்லாம் காகிதம் கிடையாது என்பீர்கள். தாய் செத்தால் சித்தி வீடு, பெரியம்மா வீடு. என் சின்னம்மா மகள் செல்வி அப்படித்தான் எங்கள் வீட்டில் வளர்ந்தாள். எல்லோரும் சாப்பிட்டு எழுந்தபிறகுதான் அவளுக்குத் தட்டு வைப்பார்கள். அதை யாரும் கொடுமை என்று சொன்னதில்லை. அளக்க வந்தவர்கள்மேல் எனக்குக் கோபம் வரும்போதெல்லாம் செல்வியின் ஈயத்தட்டு ஞாபகம் வரும். அன்றைக்கு யாராவது வந்து அளந்திருக்கலாம்.

சன்ஸ்தாவில் சில கட்டளைகள் உண்டு. பெயரை மாற்றாதே. கை ஓங்காதே. முடி எடுக்கிறேன், காது குத்துகிறேன் என்று வேண்டிக்கொள்ளாதே. கடைசியாக ஒன்று: எப்பவும் இங்கேயே இருக்கலாம் என்று பிள்ளையிடம் வாக்குக் கொடுக்காதே. மாதம் ஒருமுறை வந்து பார்க்கும் ஸ்மிதா மேடம் இதை மட்டும் திரும்பத் திரும்பச் சொல்வார். நாளைக்குச் சொந்தக்காரர் வந்து கேட்டால் கொடுத்துத்தான் ஆகவேண்டும். இருக்கலாம் என்று சொல்லிவிட்டுக் கொடுத்தால் பிள்ளை இரண்டாம் தடவை சாகும் என்பார்.

3

நந்தா வந்தபோது எட்டோ ஒன்பதோ இருக்கும். சாஸ்வட் பக்கத்துக் கிராமம். அப்பன் எப்போதோ ஓடிப்போனவன், அம்மா நோயில் செத்துவிட்டாள். மாமன் கொஞ்ச நாள் வைத்திருந்து, நகரத்தில் ஒரு வீட்டில் வேலைக்கு விட்டிருக்கிறான். அந்த வீட்டார் வெளியே போகும்போது இவளைக் குளியலறையில் வைத்துப் பூட்டிவிட்டுப் போவார்களாம். முழங்கையில் கரண்டிச் சூடு. அக்கம்பக்கத்தார் புகார் சொல்லி மீட்டிருக்கிறார்கள்.

என் வீட்டில் அவள் எந்தக் கதவையும் மூட விடமாட்டாள். சுவரில் சாய்ந்து உட்கார்ந்தபடியே தூங்குவாள். சப்பாத்தியை மடித்துப் பாவாடைக்குள் வைத்துக்கொள்வாள். எறும்பு மொய்க்கும். நான் ஒன்றும் கேட்காமல் துவைத்துப் போடுவேன். பேச்சு மட்டும் இல்லை. தமிழ் புரியாது, என் மராத்தியும் அவளுக்குச் சிரிப்பாக இருந்திருக்கும். ஆனால் சிரிக்கவும் மாட்டாள்.

அதெல்லாம் நான் மற்றப் பிள்ளைகளிடமும் பார்த்ததுதான். பார்க்காத ஒன்று அமாவாசையன்று நடந்தது.

எங்கள் வீட்டில் அமாவாசை தவறாது. செத்துப்போன மாமனார் மாமியாருக்குப் படைத்து, மதில்மேல் காக்கைக்கு வைத்து, அது கொத்தியபிறகுதான் வீட்டுக்காரர் வாயில் தண்ணீர் ஊற்றுவார். அன்றைக்குக் காக்கை வந்து உட்கார்ந்ததும் நந்தா வாசலிலிருந்து பாய்ந்தாள். கையில் விளக்குமாறு. கத்தவில்லை, அழவில்லை. அடித்து விரட்டினாள். அது வேப்பமரத்துக்குப் போனது; மரத்தைப் பார்த்துக் கல் எறிந்தாள். காக்கைகள் கூட்டம் சேர்ந்து கரைந்தன. அவள் மதிலடியில் நின்றுகொண்டு ஒன்றையும் கிட்டே விடவில்லை. வீட்டுக்காரர் பட்டினியோடு டியூட்டிக்குப் போனார்.

அடுத்த அமாவாசைக்கும் அதேதான். தெருவில் பேச்சு கிளம்பியது. பித்ருக்களை விரட்டுகிற பிள்ளை வீட்டுக்கு ஆகாது என்றார்கள். வீட்டுக்காரர் சட்டையை மாட்டிக்கொண்டே சொன்னார்.

"இந்தாமே, ஊருக்கே ஆக்கிப் போடறவன் எம் வூட்ல பட்டினி போறேன். அது பரவால்ல. எங்கப்பன் பட்டினியா போறாரு. அடுத்த அமாவாசைக்கு ஒண்ணு அது இருக்கணும், இல்ல எங்கப்பன் இருக்கணும்."

அவர் ஒன்று சொன்னால் சொன்னதுதான்.

4

ஷேவந்தா பாயிடம் போய்ப் புலம்பினேன். அவள் துணி பிழிந்துகொண்டிருந்தாள். பிழிவதை நிறுத்திவிட்டு, அந்தப் பிள்ளையின் அம்மாவுக்குப் பத்தாம் நாள் எப்படி நடந்தது என்று கேள் என்றாள்.

இங்கே ஒரு வழக்கம் இருக்கிறது. நமக்கும் காக்கை உண்டு, ஆனால் இது கிடையாது. பத்தாம் நாள் ஆற்றங்கரையில் பிண்டம் வைப்பார்கள். காக்கை வந்து அதைத் தொடவேண்டும். தொடவில்லை என்றால், செத்தவருக்கு மனசில் ஏதோ குறை என்று அர்த்தம். உடனே சொந்தக்காரர்கள் ஒவ்வொருவராகக் கைகூப்பி வாக்குக் கொடுப்பார்கள். உன் வீட்டைப் பார்த்துக்கொள்கிறோம், உன் மாட்டைப் பார்த்துக்கொள்கிறோம் என்று. எந்த வாக்குக்குக் காக்கை வந்து தொடுகிறதோ, அதுதான் செத்தவர் மனசில் இருந்த குறை. அதோடு நிம்மதியாகப் போய்விடுவார்கள்.

ஷேவந்தா பாயே நந்தாவைப் பக்கத்தில் உட்கார வைத்துக் கேட்டாள். நான் அடுப்படியில் பருப்பு கடைவதுபோல நின்றுகொண்டிருந்தேன். முகத்தைப் பார்த்தால் பேசமாட்டாள் என்று தெரியும்.

நந்தா சொன்னாள். ஆயிக்கு, அதாவது அம்மாவுக்கு, பிண்டம் வைத்தார்கள். காக்கை மரத்தில் உட்கார்ந்திருந்தது, வரவில்லை. யார் யாரோ என்னென்னவோ சொன்னார்கள். வெயில் ஏறிவிட்டது. கடைசியில் மாமா முன்னால் வந்து, அக்கா, நந்தாவை என் மகளாகப் பார்த்துக்கொள்கிறேன் என்றார். காக்கை உடனே இறங்கி வந்து தொட்டுவிட்டது. எல்லோரும் ஆற்றில் குளித்துவிட்டு வீட்டுக்குப் போனார்கள்.

"ஆயி அதை நம்பிப் போயிட்டா" என்றாள். "காக்கா தின்னாம இருந்திருந்தா போயிருக்க மாட்டா."

பருப்பு மத்தைக் கீழே வைக்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. எந்த வீட்டில் காக்கை தின்றாலும் அங்கே யாரோ பொய் சொல்லி யாரையோ வழியனுப்பிவிட்டார்கள் என்றுதான் அந்தப் பிள்ளை நினைத்துக்கொண்டிருந்திருக்கிறது. எங்கள் வீட்டு மதிலடியில் அவள் காவல் நின்றது என் மாமனாருக்கும் சேர்த்துத்தான்.

அன்று சாயங்காலம் வீட்டுக்காரரிடம் சொன்னேன். கேட்டுவிட்டு பீடி பிடிக்க வெளியே போனார். அடுத்த அமாவாசைக்குப் படைத்து முடித்து, நான் காக்கைக்கு இலையை எடுத்தபோது தடுத்தார்.

"புள்ளைக்கு மொதல்ல போடு. எங்கப்பன் காத்துக்குவாரு."

நந்தா சாப்பிட்டு முடிக்கும்வரை இலை உள்ளேயே இருந்தது. பிறகு அவளை ஷேவந்தா பாய் வீட்டுக்கு அனுப்பிவிட்டு மதிலில் வைத்தோம். அப்படியே சில மாதம் போனது.

5

அப்புறம் மாமன் வந்தான்.

குடிகாரன், முரடன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். மெலிந்த, மரியாதையான ஆள். வெள்ளைக் குல்லாய். கமிட்டி முன் கைகூப்பி நின்றான். வேலைக்கு விட்டது தப்பு, அந்த வீட்டார் இப்படிச் செய்வார்கள் என்று தெரியாது என்றான். அக்கா கனவில் வந்து வாசலில் நிற்கிறாள், காக்கை முன்னால் கொடுத்த வாக்கு, பிள்ளையைக் கொடுத்துவிடுங்கள் என்று அழுதான். அவன் பொய்யாக அழுதான் என்று இன்றைக்கும் என்னால் சொல்ல முடியாது. வாக்கு அவனைக் கடித்துக்கொண்டிருந்தது. அதிலிருந்து விடுபட அவனுக்குப் பிள்ளை வேண்டியிருந்தது.

கமிட்டியில் எல்லோரும் இந்த ஊர்க்காரர்கள். காக்கை முன் கொடுத்த வாக்கு என்றதும் அவர்கள் முகம் இளகியதை நான் பார்த்தேன். சொந்த ரத்தம், சொந்த பாஷை, சொந்தக் கிராமம். நந்தாவைக் கேட்டார்கள். அவள் மேஜைக்காலைப் பார்த்துக்கொண்டு நின்றாள். என்னையும் கேட்டார்கள். நான் என்ன சொல்வது? வாக்குக் கொடுக்காதே என்று எனக்குச் சொன்னவர்களே அவர்கள்தான். கொடுத்தவன் ஜெயித்துக்கொண்டிருந்தான்.

பித்ருபக்ஷம், நம் மகாளய பட்சம், நடந்துகொண்டிருந்தது. அது முடிந்து தசராவுக்கு அழைத்துப்போகிறேன் என்றான் மாமன். அதற்குமுன் ஸ்மிதா மேடம் முன்னிலையில் ஒருதரம் பிள்ளையை வீட்டில் வந்து பார்க்கட்டும், அந்த அறிக்கையைப் பார்த்து உத்தரவு போடுகிறோம் என்றது கமிட்டி. என்றைக்கு என்று என்னைக் கேட்டார்கள். வருகிற அமாவாசைக்கு வீட்டுக்காரர் லீவு போட்டிருக்கிறார், அன்றைக்கு வாருங்கள் என்றேன். மகாளய அமாவாசை.

அவர்கள் வரும்போது நாங்கள் படைத்துக்கொண்டிருந்தோம். மாமன் நந்தாவுக்குக் கண்ணாடி வளையலும் பேடாவும் வாங்கி வந்திருந்தான். அவள் கை நீட்டவில்லை. முந்தானையைப் பிடித்துக்கொண்டு எனக்குப் பின்னால் நின்றாள். வந்தவர்கள் இருக்கும்போது அவளைப் பக்கத்து வீட்டுக்கு அனுப்ப முடியவில்லை. வீட்டுக்காரர் என்னைப் பார்த்தார். பிறகு நேரமாகிறது என்று இலையை மதில்மேல் வைத்துவிட்டுக் கைகூப்பினார்.

காக்கை வேப்பமரத்தில் இருந்தது. நந்தா விரட்டவில்லை. விளக்குமாறு பக்கத்திலேயே சாத்தியிருந்தது, அதைத் தொடவில்லை. மாமனையே பார்த்துக்கொண்டிருந்தாள். காக்கை இறங்கவில்லை. மாமன் செருப்பைக் கழற்றினான். மதிலுக்குக் கிட்டே போய்க் குல்லாயைச் சரிசெய்துகொண்டு கைகூப்பினான். அது எங்கள் வீட்டு இலை, எங்கள் மாமனாரின் சோறு. ஆனால் அவனுக்கு அது தன் அக்காவுக்கு வைத்ததாகவே தோன்றியிருக்கவேண்டும்.

"அக்கா" என்று ஆரம்பித்தான். "நந்தாவ நான்..."

என் முந்தானை விடுபட்டது தெரிந்தது. அவள் ஓடிப்போய் அங்கே கிடந்த செங்கல்மேல் ஏறி, மதிலில் இருந்த இலையை இழுத்து, சோற்றை அள்ளி வாயில் திணித்தாள். மெல்லக்கூட இல்லை. வடை, வாழைக்காய், பூசணி எல்லாம். கன்னம் உப்பி, கண்ணில் நீர் வழிய, மாமன் முகத்தைப் பார்த்துக்கொண்டே தின்றாள். இலையில் ஒரு பருக்கை விடவில்லை. தின்றுவிட்டு வெறும் இலையை அவன் முன் நீட்டினாள்.

செத்தவர் சோற்றை உயிருள்ள பிள்ளை தின்னக்கூடாது என்பார்கள். வீட்டுக்காரர் ஓரடி எடுத்து வைத்தார், பிறகு நின்றுவிட்டார்.

மாமன் அப்படியே குந்திவிட்டான். யாரையும் பார்க்காமல் மராத்தியில் சொன்னான்: "அக்கா இன்னும் போகல. இவகிட்டதான் இருக்கா." செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, டீ குடிக்காமல் போனான்.

ஸ்மிதா மேடம் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். என்னை ஒன்றும் கேட்காமலே பார்த்ததை அறிக்கையில் எழுதிக்கொண்டார். அவரும் இந்த ஊர்க்காரர்தானே. தசரா கழிந்து உத்தரவு வந்தது. பதினெட்டு வயதாகும்வரை என்னிடமே இருக்கலாம் என்று.

6

ஜெயித்துவிட்டோம் என்று நினைக்காதீர்கள். அன்று பொழுதெல்லாம் அவள் வாந்தி எடுத்தாள். என் மடியில் கொதிக்கும் தலை. நான் இருக்கிறேன், உன்னை எங்கேயும் அனுப்பமாட்டேன் என்று நாக்கு நுனிவரை வந்தது. விழுங்கிக்கொண்டேன். கட்டளைக்குப் பயந்து இல்லை. அந்த மாதிரி வார்த்தையை இவள் என்ன செய்வாள் என்று கண்ணால் பார்த்துவிட்டேனே. வேறு ஏதாவது சொல்லவேண்டுமே என்று, நாளைக்குக் காலையில் இட்லி என்றேன். அரிசி ஊறப் போட்டிருந்தேன், அது நிச்சயம்.

அதன்பிறகு அதுவே பழக்கமாயிற்று. படுக்கும்போது அடுத்த நாள் காலை என்ன என்று மட்டும் சொல்வேன். சொன்னதைச் செய்வேன். அதற்குமேல் ஒரு நாள்கூட முன்னால் போனதில்லை. பல வாரம் கழித்துத்தான் மறுபடி பேசினாள், அதுவும் தமிழில்: "நாளிக்கி இன்னா?"

வளர்ந்தாள். பள்ளிக்கூடத்தில் மட்டம். கதவு மூடினால் இன்றைக்கும் வேர்க்கும். கல்யாணப் பேச்சை எடுத்தால் எழுந்து போய்விடுவாள். இப்போது தளேகாவில் ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலை, பெண்கள் நான்குபேர் சேர்ந்து ஓர் அறை. நன்றாக இருக்கிறாளா என்று கேட்டால் எனக்குத் தெரியாது. இருக்கிறாள்.

வீட்டுக்காரர் காரியத்துக்கு வந்திருந்தாள். காக்கை லேசில் வரவில்லை. கூட நின்றவர்கள் இந்த ஊர் வழக்கப்படி, ஏதாவது சொல்லு, அவர் மனசில் ஏதோ இருக்கிறது என்று மகனைத் தள்ளினார்கள். "அப்பா, அம்மாவை நான் பாத்துக்கறேன்" என்றான். காக்கை வந்தது. நந்தா அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டாள். மகனைக் குறை சொல்லவில்லை. போன் பண்ணுகிறான், மாத்திரை அனுப்புகிறான். வலை கட்டின வீட்டில் எனக்கு ஓர் அறையும் வைத்திருக்கிறான்.

7

இதை எழுதி முடிப்பதற்குள் தீபாவளி வந்துவிட்டது. ஆனாலும் நான் இலை வைத்துக் காத்திருந்த அந்த மகாளய அமாவாசையைச் சொல்லிவிடுகிறேன்.

நந்தா வந்தாள். தளேகாவிலிருந்து லோக்கல் ரயில் பிடித்து, பஸ் மாறி, வியர்த்து வழிய. இலை மதிலில் இருப்பதைப் பார்த்ததும் எப்போதும்போல அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு வாசற்படியில் உட்கார்ந்தாள். விரட்டுவதில்லை, பார்ப்பதும் இல்லை.

நான் சொன்னேன். "எனக்கு இதுமாதிரி வெப்பாங்க இல்ல, அன்னிக்கு யாரையும் ஒண்ணும் சொல்ல வுடாத. காக்கா வரலன்னா வரலன்னு இருக்கட்டும். நீயே தின்னுடு."

அவள் செருப்பு வாரை அவிழ்த்துக்கொண்டே சொன்னாள். "அப்ப உங்க புள்ளகிட்ட ஊறுகா வெக்கச் சொல்லிட்டுப் போங்க. அன்னிக்கு அந்தப் பூசணிக்கா தொண்டைல எறங்கல."

இத்தனை வருஷத்தில் அந்த நாளைப் பற்றி அவள் வாயைத் திறந்தது அதுதான் முதல்தடவை. எனக்குச் சிரிப்பு வந்தது. அவளுக்கும் வந்தது. சிரிப்புச் சத்தத்திலோ என்னவோ, மதிலில் சிறகு அடிக்கும் ஓசை கேட்டது. அவள் திரும்பவில்லை.

"வந்துச்சா?"

"வந்துச்சு."

"துன்னுதா?"

"துன்னுது."

தோளில் மாட்டியிருந்த பையைக் கழற்றிக் கீழே வைத்தாள்.

"சரி, எலயப் போடுங்க. பசிக்குது."